ஒரே ஊசியில் இரண்டு

பாச்சை உருண்டை வாசம் அடிக்குதாம்மா? என்கிட்ட இருந்துதான் வருது. நீங்க மூக்கைத் தேய்க்கிறதைப் பாத்தேன். ஜன்னலை வேணும்னா இன்னும் கொஞ்சம் தூக்கி விடுங்க, எனக்கு வருத்தம் ஒண்ணும் இல்ல. முப்பத்து நாலு வருஷம் இந்த வாசத்தோடதான் திரிஞ்சேன். ரிட்டயர் ஆகி ஏழு வருஷம் ஆச்சு, சேலையை விட்டு இன்னும் போக மாட்டங்கு. கல்யாண வீட்டுப் பந்தியில என் பக்கத்து இலை எப்பவும் காலியாத்தான் கிடக்கும் பாத்துக்கிடுங்க. இப்பல்லாம் நான் கல்யாணத்துக்கே போறதில்ல.

நீங்க எதுவரைக்கும்? தாம்பரமா. மகள் வீடா, நல்லது நல்லது. நான் எழும்பூர்.

இந்த டப்பாவா? மேல வைக்க வேண்டாம்மா, மடியிலயே இருக்கட்டும். ரயில் ஆட்டம் தாங்காது. நகையும் இல்ல, மருந்தும் இல்ல. ரெண்டு பூச்சி. செத்து ஒன்பது வருஷம் ஆச்சு, ஒண்ணும் பண்ணாது. அட, காலை ஏன் தூக்குதீங்க, செத்த பூச்சின்னு சொன்னேன்ல.

என் வேலையே அதாம்மா. மெட்ராஸ்ல ஒரு மியூசியம், எதுன்னு எதுக்கு, அங்க பூச்சிப் பிரிவுக்குக் காப்பாட்சியரா இருந்தேன். காப்பாட்சியர்னா என்னன்னு ஒருத்தருக்கும் தெரியாது. எங்க பெரியம்மா சாகுற வரைக்கும் நான் அங்க வாட்ச்மேன் வேலை பாக்கேன்னுதான் நினைச்சிருந்தா. காப்பாத்துற வேலைதான, பாதி சரின்னு நானும் விட்டுட்டேன். பூச்சி படிச்சவன்னு தெரிஞ்சா எல்லாரும் ஒரே கேள்விதான் கேப்பாங்க, கரப்பானுக்கு என்ன மருந்து அடிக்கலாம்னு. நீங்க கேக்கல. அதுக்காகவே உங்களைப் பிடிச்சுப் போச்சு. என்னது, கேக்க இருந்தீங்களா? சரி, போரிக் பவுடரைச் சீனியில கலந்து மூலையில வைங்க. பிள்ளைங்க கைக்கு எட்டாம வைங்க.

என் பேரு ஆவுடையம்மாள். சிரிக்கணும்னா சிரிங்க. எங்க காலேஜ்ல எல்லாரும் சிரிச்சாங்க. வசந்தி, மாலதின்னு இருக்கிற கிளாஸ்ல ஆவுடையம்மாள்னு அட்டெண்டன்ஸ் எடுத்தா எப்படி இருக்கும்? எங்க அண்ணனுக்கு ரெண்டு பெண் பிள்ளைங்க. ஒண்ணுக்காவது அத்தை பேரை வைப்பான்னு பாத்தேன். கிழவி பேருன்னு சொல்லிட்டா மதினி. அதுவும் நியாயம்தான். நான் கல்யாணமும் பண்ணிக்கிடல. இந்தப் பேரு என்னோட முடிஞ்சுரும்னு அப்பவே தெரிஞ்சு போச்சு. எனக்கு அதுல ஒரு கவலையும் இல்ல. பேர்ல என்னம்மா இருக்கு? நான் பேருக்கு அலையுற ஆள் இல்ல.

இப்ப ஒருத்தியைப் பாக்கத்தான் போறேன். ஜெசிந்தான்னு பேரு. என் கீழ பத்து வருஷம் வேலை பாத்தவ, இப்ப என் நாற்காலியில உக்காந்திருக்கா. தூத்துக்குடிப் பக்கம் கடற்கரை ஊர்ப் பிள்ளை. சேர்ந்த புதுசுல ஊசி பிடிக்கத் தெரியாது. பூச்சியைக் குத்தச் சொன்னா விரலைக் குத்திக்கிடுவா. நான்தான் எல்லாம் சொல்லிக் குடுத்தேன். அவதான் நாப்பத்து மூணு நாளா என் போனை எடுக்க மாட்டங்கா. நாப்பத்து மூணு நாள்! எல்லாம் இந்த ரெண்டு பூச்சிக்காக. நீங்களே கேட்டுச் சொல்லுங்க, யார் மேல தப்புன்னு.

முதல்ல இருந்து சொன்னாத்தான் புரியும்.

நான் வேலைக்குச் சேர்ந்தது எண்பத்து நாலுல. அப்ப டைரக்டர் டாக்டர் வரதராஜுலு. நல்லாப் படிச்ச மனுஷன்தான், இல்லேங்கல. ஆனா நாங்க வெளியூர் போய்ப் பூச்சி பிடிக்கணும்னா அவர் டூர் ஆர்டர்ல கையெழுத்துப் போடணும். என் ஃபைல் வந்தா மேஜை டிராயர்ல வச்சுப் பூட்டிருவாரு. எங்க பூச்சி மழை முடிஞ்சு தை, மாசி ரெண்டே மாசம்தான் வெளிய வரும். பங்குனி பிறந்துட்டா மண்ணு கொதிக்கும், ஒண்ணும் கிடைக்காது. அவரு சரியாப் பங்குனி பிறந்த பிறகுதான் டிராயரைத் திறப்பாரு. "நீங்க லேடி. தனியா காட்டுல சுத்தி ஏதாவது ஆயிடுச்சின்னா யாரு பதில் சொல்றது?"ன்னுவாரு. மூணு வருஷம் இப்படியே போச்சு. ஒருத்தி உழைப்பை டிராயருக்குள்ள பூட்டி வச்சுக்கிட்டு, அவ எதிர்லயே உக்காந்து சிரிச்சுப் பேசி காபி குடிக்கிறதுக்கு என்ன நெஞ்சு வேணும்? சொல்லுங்க. நினைச்சா இன்னும் எனக்கு வயிறு எரியுது.

பொறுத்துப் பொறுத்துப் பாத்தேன். நாலாவது வருஷம் சொந்த லீவைப் போட்டுட்டுத் தேரிக்குப் போனேன். நீங்க தேரி பாத்திருக்கீங்களா? திசையன்விளைப் பக்கம், கடலுக்கு இந்தப் பக்கமா, மேடு மேடாச் செம்மண் மணல். பனையும் உடைமரமும் தவிர நிழல் கிடையாது. அங்கதான் இது கிடைச்சுது. பாத்தா எறும்பு மாதிரி இருக்கும், ஆனா எறும்பு இல்ல, குளவி ஜாதி. உடம்பெல்லாம் சிவப்பு ரோமம், பட்டுத்துணி மாதிரி. இந்த ஜாதியில பொம்பளைக்கு றெக்கை கிடையாது, மண்ணுலதான் ஓடும். கொட்டுனா மூணு நாளைக்குக் கை வீங்கும். எனக்கு வீங்குச்சு. வீங்கின கையோட சந்தோஷமா ஊருக்கு வந்தேன். ஏன்னா அதுக்கு முன்னால அதை யாரும் எழுதினதே இல்ல. புது இனம்.

புது இனம்னா நாமதான் பேர் வைக்கணும். எங்க வழக்கத்துல அவங்கவங்க பேரை அவங்களே வச்சுக்கிடக் கூடாது. அது அசிங்கம். வேற யாராவது பாத்து நமக்கு வைக்கணும். நான் என்ன பண்ணினேன் தெரியுமா? வரதராஜுலு பேரை வச்சேன். ஆமாம்மா, நானேதான். யாரும் என் கழுத்தைப் பிடிக்கல. அடுத்த வாரமே டூர் ஆர்டர்ல கையெழுத்து விழுந்துச்சு. அவரு ரிட்டயர் ஆகுற வரைக்கும் என் ஃபைல் ஒண்ணு கூட நிக்கல. அந்தப் பேரு அச்சாகி வந்த கட்டுரையை அவரு கண்ணாடி போட்டு வீட்டுல மாட்டியிருந்தாரு. எங்க பாத்தாலும், "என்னம்மா, என் பூச்சி எப்படி இருக்கு?"ன்னு கேப்பாரு. என் பூச்சியாம். அவரு தேரியில கால் வச்சதே கிடையாது. இப்ப இல்ல, போய்ச் சேர்ந்துட்டாரு.

மொத்தம் பதினோரு பூச்சிக்குப் பேர் வச்சிருக்கேன். எல்லாம் அடுத்தவங்க பேரு. டைரக்டர், வனத்துறை ஆபீசர், எனக்குச் சொல்லிக் குடுத்த வாத்தியார் ரெண்டு பேரு, இப்படி. ஒருத்தராவது திருப்பி எனக்கு ஒண்ணு வைப்பாங்களான்னு நான் எதிர்பார்க்கவே இல்ல. புதுக் கட்டுரை எது வந்தாலும் கடைசிப் பக்கம் வரைக்கும் பாப்பேன், அவ்வளவுதான். சும்மா, ஒரு பழக்கம்.

அப்புறம் ரெண்டாயிரத்துப் பன்னிரண்டுல ஜெசிந்தா ஒரு பூச்சி கொண்டு வந்தா. அதே தேரிதான். கறுப்பு, மெலிசு, றெக்கை இருக்கு. ஆண். எந்தப் புத்தகத்திலயும் அது இல்ல. ஆறு மாசம் உக்காந்து எழுதினா. என்கிட்டக் காட்டவே இல்ல. வழக்கமா ஒவ்வொரு வரிக்கும் வந்து நிப்பா, இதுல மூச்சு விடல. அச்சாகி வந்த அன்னைக்கு என் மேஜையில வச்சுட்டு ஓடிப் போயிட்டா. எடுத்துப் பாக்கேன், "ஆவுடையே"ன்னு போட்டிருக்கு. பூச்சிப் பேரெல்லாம் லத்தீன்லதான், பெண் பேரை வச்சா கடைசியில இப்படி "ஏ"ன்னு முடிப்பாங்க. ஆவுடையே! நான் கதவைச் சாத்திட்டு அழுதேம்மா. காலேஜ்ல சிரிச்சதுக்கெல்லாம் சேர்த்து அழுதேன். அந்தப் பேரு இனிமே போகாதுல்ல? நான் போனாலும் உலகத்துல எந்த மூலையில எவன் இந்தப் பூச்சியைப் பிடிச்சாலும் என் பேரைத்தான் சொல்லணும். எங்க அண்ணன் வீட்டுல வைக்காத பேரு. அன்னைக்கு மியூசியத்துல எல்லாருக்கும் ஜிலேபி வாங்கிக் குடுத்தேன், எதுக்குன்னு சொல்லாம.

சாத்தூர் தாண்டியாச்சா? வெள்ளரிக்காய் வருது பாருங்க, வாங்குதீங்களா? எனக்கு வேண்டாம், பல்லு கூசும்.

எங்க விட்டேன்? ஆங். ஆண் கிடைச்சுது, சரி. அப்ப அதுக்குப் பெண் எங்க? அதைத் தேடணும்ல. ஜெசிந்தா அதையே பிடிச்சுக்கிட்டா. "மேடத்தோட பூச்சிக்குப் பொண்ணு பாக்கப் போறேன்"னு ஆபீஸ்ல எல்லார்கிட்டயும் சொல்லுவா. வருஷா வருஷம் தை பிறந்தா லீவு போட்டுட்டுக் கிளம்பிருவா. நானும் கூடப் போவேன். பாளையங்கோட்டையில எங்க வீடு இருக்கு, அங்க தங்கிக்கிட்டு விடிய முன்னால முதல் பஸ்ஸைப் பிடிப்போம்.

ரெண்டாயிரத்துப் பதினாறு, தை இருபத்தொண்ணு. காலையில பத்து மணி இருக்கும். ஜெசிந்தா மேட்டுக்கு அந்தப் பக்கம் தேடிக்கிட்டு இருந்தா. நான் இந்தப் பக்கம் ஒரு உடைமரத்தடியில நின்னேன். முழங்கால் உயரத்துல ஏதோ கறுப்பாப் பறந்து போச்சு. கனமாப் பறந்தது, சாயச் சாய. வலையை வீசினேன். ஒரே வீச்சு. உள்ள பாத்தா ஒண்ணு இல்ல, ரெண்டு. இந்த ஜாதியில சிலதுல ஆண் பெண்ணைத் தூக்கிக்கிட்டே பறக்கும், சேர்ற நேரத்துல. விடவே விடாது. ஆண் எதுன்னா என் பேரு வச்ச கறுப்புப் பூச்சி. அது தூக்கிட்டு வந்த பெண்ணு எதுன்னா, சிவப்பு ரோமம், றெக்கை இல்ல. வரதராஜுலு பூச்சி.

புரியுதாம்மா உங்களுக்கு? ரெண்டும் வேற வேற இனம் இல்ல. புருஷனும் பொண்டாட்டியும். பெண்ணுக்கு நான் எண்பத்தொன்பதுல ஒரு பேரு வச்சேன், ஆணுக்கு அவ பின்னால ஒரு பேரு வச்சா. ஆளுக்கு ஆள் இவ்வளவு வித்தியாசமா இருந்தா யாருக்குத் தெரியும்? எங்க தொழில்ல இந்தத் தப்பு நடக்கிறதுதான். நடந்தா என்ன சட்டம்னா, முதல்ல வச்ச பேருதான் நிக்கும். பின்னால வச்சது செல்லாது. அழிச்சிரணும். நான் அந்த மனுஷனுக்கு ஒரு கையெழுத்துக்காக வச்ச பேரு நிக்கும். அந்தப் பிள்ளை எனக்கு ஆசையா வச்ச பேரு போயிரும்.

நான் வலையைப் பிடிச்சுக்கிட்டு எவ்வளவு நேரம் நின்னேன்னு தெரியல. பூச்சியைக் கொல்லுற மருந்துப் பாட்டில்ல போட்டு மூடிக் கைப்பைக்குள்ள வச்சேன். ஜெசிந்தா மேட்டுல இருந்து இறங்கி வந்தா, முகமெல்லாம் செம்மண். "ஏதாவது கிடைச்சுதா மேடம்?"னு கேட்டா. "ஒண்ணுமில்ல, வா, தண்ணி குடி"ன்னேன். அவ்வளவுதாம்மா நான் சொன்னது. வேற ஒண்ணும் சொல்லல.

தூக்கி எறிஞ்சிருக்கலாம்லன்னு கேப்பீங்க. முடியாதும்மா. முப்பது வருஷம் பூச்சியைக் காப்பாத்தியே பழகின கை. வீட்டுக்கு வந்து ராப்பொழுதுல உக்காந்து முறையாக் குத்தினேன். ஜோடியாப் பிடிச்சா ரெண்டையும் ஒரே ஊசியில குத்தணும், மேல ஒண்ணு, கீழ ஒண்ணு. அதுதான் வழக்கம். அடியில லேபிள் எழுதினேன். இடம், தேதி, பிடிச்சவர் பேரு, சேர்ந்திருக்கும்போது பிடிச்சதுன்னு ஒரு வரி. லேபிள்ல நான் பொய் எழுதினதே கிடையாது. ஒரு தடவை கூடக் கிடையாது, யாரை வேணும்னாலும் கேட்டுப் பாருங்க. எழுதி இந்த டப்பாவுல வச்சு, பீரோவுக்குள்ள வச்சேன். ஆறு மாசத்துக்கு ஒரு தடவை பாச்சை உருண்டை மாத்துவேன். ஒரு கால் கூட ஒடியல, பாக்கணும் நீங்க.

நான் மறைக்கணும்னு நினைக்கல. ரிட்டயர் ஆனதும் சொல்லிருவோம்னு நினைச்சேன். ரிட்டயர் ஆனதும், அடுத்த வருஷம் சொல்லுவோம்னு நினைச்சேன். அதுக்குள்ள ஒரு வருஷம் பெருந்தொற்று வந்துருச்சு. இப்படியே தள்ளிக்கிட்டே போச்சு.

அவளா? அவ தேடிக்கிட்டுத்தான் இருந்தா. பிடிவாதக்காரி. ஒவ்வொரு தையும் வருவா, என் வீட்டுலதான் தங்குவா. நான் விடிய முன்னால எந்திரிச்சுப் புளிச்சோறு கிண்டி, தேங்காய்த் துவையல் வச்சுக் கட்டிக் குடுப்பேன். சாயங்காலம் கருகிப் போய் வருவா. கழுத்துல, கையில எல்லாம் தோல் உரிஞ்சிருக்கும், நான்தான் தேங்காய் எண்ணெய் தடவி விடுவேன். "கிடைக்கும், தேடு"ன்னு சொல்லுவேன். வேற என்ன சொல்லச் சொல்லுதீங்க? மனசு உடைஞ்சிரக் கூடாதுல்ல. பெத்த தாய் கூட அப்படிப் பாத்திருக்க மாட்டா.

ஒரே ஒரு தடவை அவளே கேட்டா. "மேடம், ஒருவேளை வரதராஜுலு சார் பூச்சிதான் இதுக்கு ஜோடியா இருக்குமோ?"ன்னு. கெட்டிக்காரி. நான் கத்தரிக்காய் நறுக்கிட்டு இருந்தேன். "உளறாத. அது அளவே வேற"ன்னேன். ஒரு பேச்சுக்குச் சொன்னது. அதுக்கப்புறம் அவ கேக்கவே இல்ல. நான் சொன்னா அவளுக்கு வேதவாக்கு. அதுக்கு நான் என்ன பண்ண முடியும்?

இந்த வருஷம் தை பிறக்க முன்னாலயே, ஜனவரி அஞ்சாம் தேதி வந்தா. வந்ததும், "மேடம், எனக்கு நாப்பத்து நாலு வயசாச்சு, முட்டி வலிக்குது. இந்தத் தடவையும் கிடைக்கலேன்னா விட்டுருதேன். உங்களுக்கு முழுசாப் பண்ண முடியலியேன்னுதான் கஷ்டமா இருக்கு"ன்னா. எனக்கு அன்னைக்குக் காய்ச்சல் நூத்து ரெண்டு. டாக்டர் சீட்டு பீரோவுல இருக்கு, எடுத்துட்டு வான்னு நானே சாவியைக் குடுத்தேன். காய்ச்சல் மயக்கம் பாத்துக்கிடுங்க. புத்தி வேலை செய்யல.

போனவளைக் காணும். எந்திரிச்சு எட்டிப் பாத்தேன். டப்பாவைத் திறந்து ஜன்னல் வெளிச்சத்துல வச்சுக்கிட்டு நிக்கா. எங்க ஆட்கள் பூச்சியை முதல்ல பாக்க மாட்டோம், லேபிளைத்தான் படிப்போம். அவ லேபிளைப் படிச்சுட்டு அப்படியே நிக்கா. அன்னைக்கு மேட்டுக்கு அந்தப் பக்கம் நின்னவ அவதான. தேதி அவளுக்குத் தெரியாதா?

சண்டை போட்டிருந்தாக் கூடப் பரவாயில்ல. டப்பாவை மூடி மேஜையில வச்சா. சீட்டை எடுத்துட்டுப் போய் மருந்து வாங்கிட்டு வந்தா. கஞ்சி வச்சா, ஆத்தி டம்ளர்ல ஊத்தித் தந்தா. நான் குடிச்சு முடிக்கிற வரைக்கும் நின்னு பாத்துட்டுப் பையை எடுத்துக்கிட்டா. வாசல்ல செருப்பு மாட்டும்போது திரும்பாமலேயே சொன்னா, "ஒன்பது வருஷமும் சோறு கட்டிக் குடுத்தீங்களே மேடம்." அதோட போயிட்டா.

பாத்தீங்களா? சோத்தைச் சொல்லிக் காட்டிட்டா! ஆசையாக் கட்டிக் குடுத்த சோறும்மா அது. நான் கணக்கா பாத்தேன்? அதைப் போய்ச் சொல்லிக் காட்டுவாங்களா? நாப்பத்து மூணு நாளா எனக்கு அந்தப் பேச்சுதான் நெஞ்சுல கிடக்கு. தூக்கம் இல்ல, சாப்பாடு இறங்க மாட்டங்கு. புளிச்சோறு கிண்டுறதையே விட்டுட்டேன்.

ஆபீசுக்குப் போன் போட்டா, "அவங்க சீட்டுல இல்ல"ங்காங்க. எத்தனை தடவை போட்டாலும் இதே பதில்தான். சீட்டுல இருந்துக்கிட்டே இல்லைன்னு சொல்லச் சொல்லியிருப்பா. எனக்குத் தெரியாதா? அதான் நேர்லயே போயிருவோம்னு கிளம்பிட்டேன்.

இந்தப் பூச்சிப் பெட்டியை அவகிட்டக் குடுக்கவா போறேன்? அதாம்மா எனக்கே தெரியல. கையில எடுத்துட்டு வந்துட்டேன். இது இல்லாம அவ எழுத முடியாது, எழுதினா யாரும் நம்ப மாட்டாங்க. குடுத்தாப் பேரு போயிரும். அதுவும் லேபிள்ல ஒன்பது வருஷத்துக்கு முந்தின தேதி இருக்கு. இதுவரைக்கும் எங்கம்மா வச்சிருந்தீங்கன்னு நாலு பேரு கேப்பான். முப்பத்து நாலு வருஷம் யோக்கியமா வேலை பாத்தேன், கடைசியில அதுதான் மிஞ்சும். நான் அவகிட்ட ஒண்ணே ஒண்ணுதான் கேக்கலாம்னு இருக்கேன். "நான் போன பிறகு எழுதிக்கோ"ன்னு. எனக்கு அறுபத்தஞ்சு ஆச்சு. இன்னும் எத்தனை வருஷம், பத்தா? அது வரைக்கும் அந்தப் பேரு இருந்துட்டுப் போகட்டுமே. யாருக்கு என்ன நட்டம்? தப்பாம்மா?

உங்க போன்ல இருந்து ஒரு தடவை அடிச்சுப் பாக்கலாமா? என் நம்பர்னா எடுக்க மாட்டா. இந்தாங்க நம்பர், இதுல எழுதியிருக்கு. அடிக்குதா? என்கிட்டக் குடுங்க, குடுங்க.

ஹலோ. ஜெசிந்தா? நான்தான். வச்சிராத, வச்சிராதம்மா, வச்சிராத. ரயில்ல பக்கத்துல இருக்கிறவங்க போன் இது. நான் உன்னைப் பாக்கத்தான் மெட்ராஸ் வந்துட்டு இருக்கேன். என்னது? மெட்ராஸ்ல இல்லியா? பின்ன எங்க இருக்க? அங்க என்ன அவ்வளவு இரைச்சல்?

தேரியிலயா?

எப்ப வந்த? பொங்கலுக்கு மறுநாளேயா? ஒரு மாசமாவா அங்க நிக்க? எங்க தங்கியிருக்க? கன்னியர் மடத்துலயா. என் வீடு இருக்கிறப்ப அங்க ஏன்... சரி. சரிம்மா, கேக்கல. மத்தியானச் சோத்துக்கு என்ன பண்ணுத? சரி, அதுவும் கேக்கல.

எதுக்கு அங்க நிக்க? அதான் தெரிஞ்சு போச்சுல்ல. ஜோடி என்கிட்ட இருக்குல்ல. சொல்லு. சொல்லு, கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன்.

அம்மா, இவ என்ன சொல்லுதா தெரியுமா? புதுசா ஒரு ஜோடி பிடிக்கணுமாம். இந்த வருஷத் தேதி போட்டு, இவ பிடிச்சதா எழுதணுமாம். அப்படி எழுதிட்டா என் பெட்டி வெளிய வரவே வேண்டாம், நான் ஒளிச்சு வச்சது ஒருத்தருக்கும் தெரியாதாம். "உங்களை யாரும் ஒரு சொல்லு சொல்லிரக் கூடாது மேடம், அதான் நிக்கேன்"ங்கா. சம்பளம் இல்லாத லீவு போட்டிருக்காளாம். ஒரு மாசமா ஒண்ணும் கிடைக்கலியாம்.

ஏட்டி ஜெசிந்தா. கேளு. வலையைக் கீழ போடு. நிழல்ல போய் உக்காரு முதல்ல. பெட்டி என் மடியிலதான் இருக்கு. இதை வச்சே எழுது. லேபிளை அப்படியே போடு, தேதியை மாத்தாத. பிடிச்சது யாரு, எத்தனை வருஷம் எங்க இருந்துச்சு, எல்லாத்தையும் எழுது. ஆமா, கேப்பாங்க. கேக்கட்டும், நான் பதில் சொல்லிக்கிடுதேன். அன்னைக்கு நீ கேட்டப்பவே எனக்குத் தெரியும்டி. தெரிஞ்சேதான் உன்னை வெயில்ல அனுப்பினேன். சோத்தைக் கட்டிக் குடுத்து அனுப்பினேன். பேரை அழிச்சிரு. நீதான வச்ச, நீயே உன் கையால அழிச்சிரு. போதும், இறங்கி வா.

ஜெசிந்தா? என்ன சொல்லுத? வேண்டாம்டி, சொன்னாக் கேளு. ஹலோ. ஹலோ.

இந்தாங்கம்மா உங்க போன். வச்சுட்டா.

"பரவாயில்ல மேடம், பங்குனி பிறக்க இன்னும் மூணு வாரத்துக்கு மேல கிடக்கு, நான் பாத்துக்கிடுதேன்"ங்கா. நம்ப மாட்டங்காம்மா. நான் பெட்டியைத் தரேன்னு சொல்லுதேன், அவ நம்ப மாட்டங்கா. பேசிக்கிட்டே நடக்கா, மணல்ல கால் புதையுற சத்தம் கேக்கு. எப்படி நம்புவா? வருஷா வருஷம் கிடைக்கும், தேடுன்னு சொன்ன வாய்தான இது.

அடுத்து எந்த ஸ்டேஷன், திண்டுக்கல்லா? வண்டி நிக்கும்ல? அந்தப் பையை மட்டும் கொஞ்சம் இறக்கிக் குடுங்க. இல்லம்மா, பெட்டியை நானே பிடிச்சுக்கிடுதேன். தெற்க போற பஸ் எது கிடைச்சாலும் ஏறிருவேன். கையில கொண்டு போய்க் குடுத்தாத்தான் அந்தப் பிள்ளை வெயிலை விட்டு வருவா.